மாட்டுக் கணக்கு

லாபிசிலிருந்து பதினோரு கிலோமீட்டர்.
செம்பனைக்குக் கீழே புல் மண்டுகிறது,
மருந்தடிக்கும் செலவு மிச்சமென்று
கம்பெனி மாடுகளை வாங்கி விட்டது.
நான் மாட்டுக் கிராணி.
காதில் தொங்கும் மஞ்சள் வில்லைகளின் எண்களை
ஏட்டில் ஏற்றுவதும் இறக்குவதும் வேலை.
ஹஜ்ஜுப் பெருநாளுக்கு முன்னால்
இறக்குவதுதான் அதிகம்.
"சாமிய எண்ணி எண்ணி விக்கிறா" என்பார் அப்பா,
என் சம்பளத்தை எண்ணியபடியே.

மட்லின் சபாவிலிருந்து வந்தான். பஜாவ்காரன்.
இரண்டு வருடமாக யாரையும் ஏறவிடாத
கம்பெனிக் குதிரைமேல்
மூன்றாம் நாள் உட்கார்ந்து
பிசாங் கோரெங் தின்றுகொண்டிருந்தான்.
அன்று கணக்கில் ஒரு மாடு குறைந்தது.
திரும்ப எண்ணினேன்.
மாடு அங்கேயேதான் நின்றது,
நான்தான் அதை எண்ணாமல் விட்டிருக்கிறேன்.

என்னைக் காக் என்றான்.
அவன் மொழியில் அக்கா.
என் மொழியில் பாதிக் காக்கை.
காக்கை கரைந்தால் விருந்து வருமாம்.
தினமும் காலை ஆறரைக்குக் கரைந்தது;
வந்தவன்
கொட்டகைச் சாவியை வாங்கிக்கொண்டு போனான்.

மாட்டுப் பொங்கலன்று
நானூற்றுப் பதினேழின் கழுத்தில் மட்டும்
மஞ்சள் கயிறு கட்டினேன்.
எதற்கு என்றான்.
நன்றிக்கு என்றேன்.
அதற்கு மேல் மலாயில் சொல்லத் தெரியவில்லை.
பொய்.
எஸ்.பி.எம்.மில் மலாய் எனக்கு ஏ.

எங்களூரிலும் உண்டு என்று
கைபேசியில் படம் காட்டினான்.
குதிரைக்குப் பட்டுத்துணி, நெற்றியில் குஞ்சம்,
குதிரையைவிட மணிகள் அதிகம்.
படத்தின் ஓரத்தில் கடிவாளம் பிடித்தபடி
மிளகாய்ச் சிவப்பு முக்காட்டில் ஒருத்தி.
யார் என்று நான் கேட்கவில்லை.
குதிரை பேரென்ன என்று கேட்டேன்.

டிசம்பர் மழையில் ஒரு கன்று
வடிகாலில் விழுந்தது.
கயிறு போட்டு இழுத்தோம்.
வெளியே வந்தபோது உயிரில்லை.
அதன் கண்ணை மூடிவிட்டு
சாயாங் என்றான்.
அந்தச் சொல்லுக்கு அங்கே இரண்டு பொருள்:
அன்பே.
ஐயோ, வீணாகிப் போச்சே.
அவன் சொன்னது இரண்டாவதை.
நனைந்துகொண்டு நின்ற நான்
முதலாவதை எடுத்து மடித்து வைத்துக்கொண்டேன்.
யாருக்கும் தேவைப்படாததை எடுப்பது
திருட்டில் சேராது என்று நினைத்தேன்.

ஏப்ரலில் விலகல் பாரத்தோடு வந்தான்.
எழுத்து அவனுக்குக் கொஞ்சம் கோணல்.
நானே நிரப்பினேன்.
காரணம்: திருமணம்.
அவள் பெயரை ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னான்;
ஓர் எழுத்தும் பிசகாமல் எழுதினேன்.
எடுக்காத விடுப்பு ஆறு நாள் இருந்தது.
கேட்காமலே காசாக்கிக் கொடுத்தேன்.
என் அதிகாரத்துக்குள் இருந்தது அவ்வளவுதான்.

வாசல்வரை போய்த் திரும்பி
காக், கல்யாணத்துக்கு வரணும் என்றான்.
ஒரு கடல், இரண்டு விமானம்.
வருகிறேன் என்றேன்.
உண்மையாகவே கூப்பிட்டான்.
அதைத்தான் என்ன செய்வதென்று தெரியவில்லை.

இந்த வருடப் பட்டியலிலும்
நானூற்றுப் பதினேழு இல்லை.
சினை என்று எழுதியிருக்கிறேன்.
மூன்றாவது தடவையாக மேனேஜர் நம்புகிறார்.
குதிரை மறுபடி யாரையும் ஏறவிடுவதில்லை.

நேற்று மாலை, ஆளில்லாத நேரம்,
இரண்டு விரலை வாயில் வைத்து
அவன் மாதிரியே சீட்டியடித்துப் பார்த்தேன்.
காற்றுதான் முதலில் வந்தது, கொஞ்சம் எச்சிலும்.
நாலாவது முறை சத்தம் வந்தது.
செம்பனை நிழலில்
நானூற்றுப் பதினேழு தலை தூக்கியது,
காதை இப்படியும் அப்படியும் திருப்பியது,
நான்தான் என்று தெரிந்ததும்
புல்லுக்குக் குனிந்தது.